கோடியிலிருந்து தொடங்குங்கள்: ஏரிக்கரை ஊருக்கு வரலாறு எழுதும் முறை

கோயில் மலருக்கோ பள்ளி ஆண்டு மலருக்கோ ஊர் வரலாறு எழுத உட்காருகிறவர்கள் பெரும்பாலும் ஓர் அரசர் பெயரில் ஆரம்பிக்கிறார்கள். ஏரிக்கரை ஊருக்கு அது சரிவராது. நத்தம் எந்த மேட்டில் அமைய வேண்டும், தெரு எந்தப் பக்கம் நீள வேண்டும், நஞ்சை எது, புஞ்சை எது என்பதையெல்லாம் அங்கே தண்ணீர்தான் முதலில் முடிவு செய்தது. பழைய வட ஆற்காட்டில் இதற்குக் காவேரிப்பாக்கத்தை விட நல்ல எடுத்துக்காட்டு கிடையாது. சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் உள்ள சின்னப் பேரூராட்சி, அதை ஒட்டித் தமிழ்நாட்டின் மிகப் பெரிய ஏரிகளில் ஒன்று. கீழே சொல்லும் முறையை எந்த ஏரியூருக்கும் பயன்படுத்தலாம்.

முதல் வேலை, ஏரிக்கரையை இரண்டு முறை நடப்பது. மே மாதத்தில் ஒரு முறை, டிசம்பரில் ஒரு முறை. கோடையில் ஏரியின் வயிறு தெரியும்: பழைய மதகுக் கற்கள், உள்ளே ஓடும் வாய்க்கால் தடம், வண்டல் மேடுகள். வடகிழக்குப் பருவமழை முடியும்போது தண்ணீர் எதுவரை வந்து நிற்கிறது, எந்தத் தெருவை முதலில் தொடுகிறது என்பது தெரியும். நடையைக் கோடியில் தொடங்குங்கள். ஏரி நிரம்பியதும் மிச்சத் தண்ணீர் வழிந்து வெளியேறும் கலங்கலைத்தான் நம் பக்கத்தில் கோடி என்பார்கள். ஏரி நிரம்பி வழிந்தால் ‘கோடி போகுது’ என்பார்கள். கலங்கலின் மேல்மட்டம்தான் ஏரியின் முழுக் கொள்ளளவு மட்டம். மற்ற எல்லா உயரத்தையும் அதிலிருந்து கணக்கிட வேண்டும். மழைக்காலத்தில் ஏரிக்குள் இறங்கவே வேண்டாம். மண் எடுத்த குழிகள் தண்ணீருக்கடியில் மறைந்திருக்கும்.

பழைய மதகு ஒன்றையாவது பக்கத்தில் போய்ப் பாருங்கள். ஏரியின் உட்புறம் இரண்டு கல்தூண்கள் நிற்கும். அவற்றைக் குறுக்காக இணைக்கும் கற்பலகைகளில் ஒன்றுக்குக் கீழ் ஒன்றாக வட்டத் துளை இருக்கும். அந்தத் துளைகள் வழியாக ஒரு நீளக் கழி இறங்கும். கழியின் அடியில் உள்ள அடைப்பு, கீழே கற்பெட்டியில் உள்ள ஓட்டையை மூடும். கழியைத் தூக்கினால் தண்ணீர் கரைக்கு அடியில் உள்ள சுரங்கம் வழியாக வாய்க்காலுக்குப் போகும். இரும்பு ஷட்டர் போட்ட பிறகும் பல ஏரிகளில் தூண்கள் அப்படியே நிற்கின்றன. தூணில் எழுத்து இருந்தால் சுண்ணாம்பு, மஞ்சள், எண்ணெய் எதையும் பூசாதீர்கள், கல் கெட்டுவிடும். காலை ஏழு மணி வெயிலில், அல்லது இருட்டில் டார்ச்சைப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்துப் படம் எடுத்தாலே போதும், எழுத்து எழுந்து வரும்.

அளவுகளில்தான் அதிகத் தவறு நடக்கிறது. காவேரிப்பாக்கம் ஏரியை ஏறத்தாழ 4,000 ஏக்கர், 30 அடி என்று சொல்வார்கள். ஓர் ஏக்கர் 43,560 சதுர அடி. எல்லாவற்றையும் பெருக்கினால் 522 கோடி கன அடி, அதாவது 5 டிஎம்சிக்கு மேல் வரும் (ஒரு டிஎம்சி நூறு கோடி கன அடி). ஆனால் ஏரியின் கொள்ளளவு ஒன்றரை டிஎம்சிக்கும் சற்றுக் குறைவு. பெருக்கல் சரி, பெருக்கியதுதான் தப்பு. ஏரி என்பது தொட்டி அல்ல, ஒரு பக்கம் சாய்த்து வைத்த தாம்பாளம். 30 அடி என்பது கரையோரம், மதகின் அடிமட்டத்திலிருந்து அளந்த உயரம். எதிர்ப்பக்கம் போகப் போக ஆழம் குறைந்து, ஓரத்தில் கணுக்கால் தண்ணீர்தான். ஆகவே கொள்ளளவை நீங்களே பெருக்கி எழுதாதீர்கள். நீர்வளத் துறையின் பாசனப் பிரிவு அலுவலகத்தில் கேட்டு வாங்குங்கள். பரப்பிலும் கவனம் தேவை: ஏரிப் புறம்போக்கின் பரப்பும் தண்ணீர் நிற்கும் பரப்பும் ஒன்றல்ல.

அடுத்து, தண்ணீர் எங்கிருந்து வருகிறது? பாலாறு கர்நாடகத்தில் நந்தி மலைப் பகுதியில் பிறக்கிறது. வாலாஜாபேட்டைக்கு அருகே உள்ள அணைக்கட்டிலிருந்து இடப்புறம் காவேரிப்பாக்கம், மகேந்திரவாடி கால்வாய்களும், வலப்புறம் சக்கரமல்லூர், தூசி கால்வாய்களும் பிரிகின்றன. அணைக்கட்டு 19-ஆம் நூற்றாண்டில் கட்டியது. ஏரியோ 9-ஆம் நூற்றாண்டில் பல்லவ அரசன் மூன்றாம் நந்திவர்மன் காலத்தது. அணைக்கட்டால் ஏரி வந்தது என்று எழுதிவிட்டால் ஆயிரம் ஆண்டு தலைகீழாகிவிடும். வரத்துக்கால்வாயை, அது அணைக்கட்டில் பிரியும் தலைப்பிலிருந்து ஏரி வரை பைக்கில் ஒரு நாள் பின்தொடருங்கள். ஆக்கிரமிப்பு, தூர்ந்த இடம், பாலம் எல்லாவற்றையும் தேதியோடு குறியுங்கள். பிறகு கோடியிலிருந்து போக்குக்கால்வாய் எந்த ஏரிக்குப் போகிறது என்று பாருங்கள். ஏரிகள் சங்கிலி, உங்கள் ஊரின் வரலாறு மேலூரிலும் கீழூரிலும் மீதி இருக்கும்.

மதகைத் திறந்து மூடி வயல்களுக்குத் தண்ணீர் பகிரும் நீர்க்கட்டி வேலை பார்த்தவரோ அவர் பிள்ளைகளோ ஊரில் இருந்தால் அவர்களிடம் அரை நாள் உட்காருங்கள். ‘ஏரி எப்போ கட்டினாங்க?’ என்று கேட்டால் கதைதான் கிடைக்கும். ‘முதல்ல எந்த மதகைத் திறப்பீங்க? கடைமடைக்குத் தண்ணி போக எத்தனை நாள் ஆகும்? தண்ணி குறைஞ்சா யாருக்கு முறை?’ என்று கேளுங்கள். ஒவ்வொரு மதகுக்கும் அவர்கள் சொல்லும் பெயரை அவர்கள் வாயில் வரும்படியே எழுதுங்கள்.

பிறகு காகிதம். கிராம வரைபடம், ஒவ்வொரு புலத்துக்குமான புலப்படம், புல எண் வாரியாக நிலத்தின் வகையும் பரப்பும் சொல்லும் ‘அ’ பதிவேடு மூன்றும் வேண்டும். புல எண்ணை வைத்து ஏரி, கால்வாய், வண்டிப்பாதை, தோப்பு, நத்தம் என்று வகை பிரித்து வண்ணம் தீட்டினால் பழைய ஊரின் உருவம் தானாக வெளிவரும். வருவாய்க் கிராம எல்லையும் பேரூராட்சி எல்லையும் ஒன்றாக இருக்கும் என்று நினைக்க வேண்டாம். வருவாய்க் கணக்கில் ஜூலையில் தொடங்கும் பசலி ஆண்டுதான் இருக்கும். அதோடு 590 கூட்டுங்கள். பசலி 1400 என்றால் 1990 ஜூலை முதல் 1991 ஜூன் வரை.

மாவட்டப் பெயர் பெரிய பொறி. சித்தூர் 1911-இல் பிரிந்தது. 1989-இல் வட ஆற்காடே இரண்டானது. வேலூர்ப் பகுதி வட ஆற்காடு அம்பேத்கர் மாவட்டமாகி, பிறகு வேலூர் மாவட்டம் ஆனது. 2019-இல் அது மூன்றாகப் பிரிந்ததில் காவேரிப்பாக்கம் ராணிப்பேட்டைக்குப் போனது. ஆகவே 2011 மக்கள்தொகைக் கணக்கை வேலூர் மாவட்டத்தில் தேட வேண்டும், இன்றைய அலுவலகம் ராணிப்பேட்டையில். பழைய ஆவணங்களுக்கு எழும்பூர் ஆவணக் காப்பகம். அங்கே வெள்ளைக்காரர் எழுதிய ஊர்ப்பெயர் ‘காவேரிபாக்’, ‘கோவ்ரிபாக்’ என்றெல்லாம் இருக்கும், எல்லா வடிவத்திலும் தேடுங்கள்.

கல்வெட்டுக்கு வருவோம். காவேரிப்பாக்கத்தின் பழைய பெயர் அவனிநாராயணச் சதுர்வேதிமங்கலம், படுவூர்க் கோட்டத்தில். அவனிநாரணன் என்பது நந்திவர்மனின் பட்டப்பெயர். இங்குள்ள சபையில் ஏரி வாரியப் பெருமக்கள் என்று தனிக் குழுவே இருந்திருக்கிறது. ஊருக்கும் காவிரி ஆற்றுக்கும் முடிச்சுப் போடும் கதைகளைத் தனிப் பத்தியில் ‘ஊரார் சொல்வது’ என்று வையுங்கள், கல்வெட்டோடு கலக்காதீர்கள். ஆட்சியாண்டைக் கிறித்துவ ஆண்டாக மாற்றும்போது அரசர் யாரென்று உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள். ‘மதிரை கொண்ட கோப்பரகேசரி’ என்றால் சோழ அரசன் முதல் பராந்தகன், 907-இல் பட்டம் ஏறியவன். அவனுடைய 15-ஆம் ஆண்டு 921-22. வெறும் ‘கோப்பரகேசரி’ என்று மட்டும் இருந்தால் அந்தப் பட்டம் கொண்ட எந்தச் சோழனாகவும் இருக்கலாம். ‘கன்னரதேவன்’ என்று வந்தால் ராஷ்டிரகூட மூன்றாம் கிருஷ்ணன். ராஷ்டிரகூடர் சோழரை வென்ற 949 தக்கோலப் போருக்குப் பிந்தைய கல்வெட்டாக இருக்க வாய்ப்பு அதிகம். சக ஆண்டு என்றால் 78 கூட்டுங்கள்.

பக்கத்து மகேந்திரவாடிக்கும் ஒரு நடை போய் வாருங்கள். ஒற்றைப் பாறையில் குடைந்த திருமால் கோயிலின் கல்வெட்டு, பல்லவ அரசன் முதலாம் மகேந்திரவர்மன் மகேந்திர தடாகம் என்ற ஏரியின் கரையில், மகேந்திரபுரத்தில் அதை எடுப்பித்ததாகச் சொல்கிறது. கோயிலைச் சொல்லும் கல்லே ஏரியையும் சேர்த்துச் சொல்வது எவ்வளவு அரிது என்பது, நாலு ஊர் சுற்றியவர்களுக்குத் தெரியும்.

1752 பிப்ரவரியில் ஆங்கிலேயக் கம்பெனியின் ராபர்ட் கிளைவின் படை, பிரெஞ்சுத் துணைகொண்ட, சந்தா சாகிபின் மகன் ராஜா சாகிபின் படையைக் காவேரிப்பாக்கத்தில் தோற்கடித்தது. இதை எழுதும்போதும் நிலத்தைப் பாருங்கள். சாலையின் ஒரு புறம் மாந்தோப்பில் பீரங்கிகள், மறுபுறம் ஒரு வாய்க்கால். சண்டை இந்த இரண்டுக்கும் நடுவேதான். புலப்படத்தில் நீங்கள் வண்ணம் தீட்டிய தோப்புகளும் வாய்க்கால்களும் இங்கே உதவும். ஆனால் இன்றைய தோப்பு ஒன்றைக் காட்டி ‘இதுதான் அது’ என்று எழுதிவிடாதீர்கள். மாமரம் அவ்வளவு காலம் நிற்பது அரிது.

கடைசியில் ஒரு பக்க வரைபடம். தண்ணீர் ஓடும் திசைக்கு அம்புக்குறி, மதகுகளின் பெயர், கோடி, நத்தம், கோயில், பள்ளிவாசல், சந்தை, எந்தத் தேதியில் பார்த்த நீர்மட்டம் என்ற குறிப்பு. அதை அச்சுக்கு அனுப்பும் முன் நீர்க்கட்டியிடம் கொண்டுபோய்க் காட்டுங்கள். மதகுகளின் வரிசையை அவர் திருத்தினால், அவர் சொன்னபடியே மாற்றுங்கள்.