ஒரு ஜன்னல், ஒரு வெள்ளை அட்டை: முகத்துக்கு ஒளியமைக்கும் முதல் பயிற்சி

ஒளிப்பதிவு பழக விலை உயர்ந்த லைட் எதுவும் தேவையில்லை. ஒரு ஜன்னலும், மூன்றடிக்கு இரண்டடி வெள்ளைத் தெர்மாகோல் அட்டையும் போதும்.

1. அறை விளக்குகளை அணையுங்கள். ஒளியின் நிறத்தைக் கெல்வினில் அளப்பார்கள்: பகல் வெளிச்சம் ஏறத்தாழ 5600 கெல்வின். மஞ்சள் பல்பு 3000க்கும் கீழே. இரண்டும் ஒரே முகத்தில் விழுந்தால் ஒரு கன்னம் நீலம், மறு கன்னம் ஆரஞ்சு. கலர் கரெக்‌ஷனில் ஒன்றைத் திருத்தினால் மற்றது கெடும்.

2. கேமராவை மேனுவலுக்கு மாற்றுங்கள். நொடிக்கு 24 ஃபிரேம், ஷட்டர் 1/50 நொடி, ஒயிட் பேலன்ஸ் (எந்த ஒளியை வெள்ளையாகக் கொள்வது என்ற அமைப்பு) 5600. ஆட்டோவில் விட்டால் எதிரே இருப்பவர் தலையசைத்தாலே எக்ஸ்போஷர் (படத்தில் பதியும் வெளிச்சத்தின் அளவு) ஏறி இறங்கும். வெளிச்சம் அதிகமென்று ஷட்டரை 1/500க்குக் கொண்டுபோகாதீர்கள். அசைவு வெட்டி வெட்டித் தெரியும். அதற்குத்தான் என்.டி. ஃபில்டர், லென்ஸ் முன்னால் மாட்டும் சாம்பல் கண்ணாடி: 0.6 போட்டால் இரண்டு ஸ்டாப் குறையும் (ஒரு ஸ்டாப் குறைந்தால் வெளிச்சம் பாதி).

3. நடிப்பவரை ஜன்னலுக்குப் பக்கவாட்டில், மூன்றடி தள்ளி உட்கார வையுங்கள். நேர்வெயில் அடித்தால் மெல்லிய வெள்ளைத் துணி கட்டுங்கள். இல்லாவிட்டால் மூக்கின் நிழல் கத்தி போல விழும். இனி முகத்தை மெல்ல ஜன்னல் பக்கம் திருப்பச் சொல்லுங்கள். நிழலில் இருக்கும் கன்னத்தில், கண்ணுக்குக் கீழே சின்ன முக்கோணமாக ஒளி விழும் இடத்தில் நிறுத்துங்கள். இரண்டு கண்மணியிலும் ஜன்னலின் சதுரம் மின்னுகிறதா பாருங்கள். அந்தப் புள்ளி இல்லாத கண்ணில் உயிர் இருக்காது.

கேமரா நிழல் பக்கம் நிற்கட்டும். வெளிச்சப் பக்கமிருந்து எடுத்தால் முகம் தட்டையாகிவிடும்.

4. அட்டையை நிழல் பக்கம், ஃபிரேமுக்கு வெளியே பிடியுங்கள். வெளிச்சக் கன்னத்தில் ஸ்பாட் மீட்டர் (ஒரு சிறு இடத்தின் ஒளியை மட்டும் அளக்கும் கருவி) லென்ஸ் துளை எண் 5.6 காட்டினால், நிழல் கன்னம் 2.8க்கு வரும்வரை அட்டையை நெருக்குங்கள். இரண்டு ஸ்டாப் வித்தியாசம். முகத்துக்கு வடிவம் கிடைக்கும், நிழலுக்குள் விவரமும் தெரியும்.

5. எக்ஸ்போஷரைத் தோலைப் பார்த்து வையுங்கள். ஸீப்ரா 70 (வெளிச்சம் 70 சதவீதத்தை எட்டிய இடத்தில் கேமரா திரையில் வரும் கோடுகள்) என்பது வெளிர்நிறத் தோலுக்குப் பிறந்த கணக்கு. கருமையான முகத்தை அதுவரை ஏற்றினால் நிறமே வெளிறிப்போகும். சாதாரண 709 (டிவிக்கான வழக்கமான நிற அமைப்பு) படத்தில் 50ஐ ஒட்டித் தொடங்குங்கள். கருமையான தோலின் அழகு அதன் மினுமினுப்பில் இருக்கிறது, அதை அழித்துவிடாதீர்கள்.

மேகம் நகர்ந்தால் வெளிச்சம் ஒரு ஸ்டாப்புக்கு மேலேகூட இறங்கும். ஒவ்வொரு டேக்குக்கு முன்னும் அளந்துவிட்டே ரோல் சொல்லுங்கள்.