கேம் ஓபன் ஆகலையா, ஃபார்மட் போடுறதுக்கு முன்னாடி இத படிங்க

போன மாசம் ஒரு சனிக்கிழம ராத்திரி முத்தியால்பேட்டைல இருக்க சித்தி பையன் போன் பண்ணான். "ண்ணா, கேம் ஓபனே ஆவ மாட்டேங்குது, டபுள் கிளிக் பண்றேன், மவுஸ் பக்கத்துல வட்டம் ஒன்னு சுத்துது, நின்னுடுது, அவ்ளோதான்"னான். கடைக்கு தூக்கிட்டு போயிருக்கான், அவங்க ரெண்டு நிமிஷம் பாத்துட்டு ஃபார்மட் போட்டுடலாம் தம்பி 600 ரூபா ஆகும்னு சொல்லியிருக்காங்க. கம்ப்யூட்டருக்கு என்ன நோவு வந்தாலும் இந்த ஒரே கஷாயம்தான். வேணாம்டா, நாளைக்கு கடலூர்லேந்து பஸ் ஏறி வரேன், அதுவரைக்கும் எதையும் தொடாதன்னு சொல்லிட்டேன். அவன் கேஸ் கொஞ்சம் வினோதமானது, அத அப்புறம் சொல்றேன், வழக்கமா வர்றத மொதல்ல பாத்துடுவோம்.

எடுத்தவுடனே கன்ட்ரோல் ஷிஃப்ட் எஸ்கேப் அழுத்தி டாஸ்க் மேனேஜர தொறங்க. போன தடவ ஆடுன கேம் சரியா மூடாம உள்ளயே பொணமாட்டம் கெடக்கும், அது இருக்க வரைக்கும் புதுசா இன்னொன்னு ஓபன் ஆகாது, எண்ட் டாஸ்க் குடுத்தா வேல முடிஞ்சிது. அதுல இல்லன்னா ரீஸ்டார்ட். ஷட் டவுன் பண்ணி ஆன் பண்ணேனேன்னு சொல்லாதீங்க, விண்டோஸ்ல ஃபாஸ்ட் ஸ்டார்ட்டப்னு ஒன்னு ஆன்ல இருந்தா ஷட் டவுன் குடுத்தாலும் அது பாதி தூக்கம்தான் தூங்குது, முழுசா எழுந்து உக்கார வைக்கறது ரீஸ்டார்ட்தான்.

அப்பவும் வரலன்னா இங்கதான் எல்லாரும் யூடியூப்ல பாத்து பத்து விஷயத்த ஒரே நேரத்துல பண்ணி கொழப்பிக்கறாங்க. கேம் கிராஷ் ஆச்சுன்னா பெரும்பாலும் எங்க விழுந்துச்சுன்னு விண்டோஸ் ஒரு நோட்டு எழுதி வச்சிருக்கும். ஸ்டார்ட் மெனுல ஈவென்ட் வியூவர்னு அடிங்க, உள்ள விண்டோஸ் லாக்ஸ், அதுக்குள்ள அப்ளிகேஷன். இப்ப கேம ஒரு தடவ கிளிக் பண்ணி சாக விட்டுட்டு லிஸ்ட்ட ரிஃப்ரெஷ் பண்ணா மேல செவப்பா ஒரு எரர் வந்து நிக்கும், ஈவென்ட் ஐடி 1000னு போட்டிருக்கும். அதுல ரெண்டே வரி பாத்தா போதும், ஃபால்டிங் மாட்யூல் நேம் (எந்த ஃபைல்ல விழுந்துச்சு), எக்ஸெப்ஷன் கோட் (என்ன மாதிரி தப்பு).

மாட்யூல் பேரு 'என்வி'ன்னு ஆரம்பிச்சா என்விடியா டிரைவர் (கிராஃபிக்ஸ் கார்ட விண்டோஸோட பேச வைக்கற சாஃப்ட்வேர்), 'ஏடிஐ'ன்னோ 'ஏஎம்டி'ன்னோ ஆரம்பிச்சா ஏஎம்டி டிரைவர், 'ஐஜி'ன்னா பெரும்பாலும் இன்டெல் கிராஃபிக்ஸ். அந்தந்த கம்பெனி சைட்லயே போய் டிரைவர் எடுத்து கிளீன் இன்ஸ்டால் போடுங்க, விண்டோஸ் அப்டேட் குடுக்கறத நம்பி உக்காராதீங்க. என்டிடிஎல்எல், கெர்னல்பேஸ்னு விண்டோஸோட சொந்த ஃபைல் பேரா இருந்தா அதுங்க மேல பழி போடாதீங்க, அது கேம் விழுந்த எடம், தள்ளி விட்டவன் வேற எவனோ. டிஸ்கார்ட் ஓவர்லே, ரிவாட்யூனர் மாதிரி கேம் மேல ஏறி உக்கார்றது அந்த டிஎல்எல் (புரோகிராமுக்கு வேணுங்கற துணை ஃபைல்) பேர்ல தெரிஞ்சா அத மூடிட்டு ஒரு தடவ ஓட்டிப் பாருங்க.

எக்ஸெப்ஷன் கோடுல மூணு மட்டும் தெரிஞ்சிக்கோங்க. சி-க்கு அப்புறம் ஆறு சைபர் போட்டு 5 இருந்தா மெமரில தொடக்கூடாத எடத்த தொட்டிருக்கு, அது டிரைவர்லேந்து ராம் வரைக்கும் எதுனாலயும் வரும். சி, அஞ்சு சைபர், 7பி வந்தா 32 பிட்டும் 64 பிட்டும் கலந்து போச்சு. பெரும்பாலும் விஷுவல் சி பிளஸ் பிளஸ்னு கேமுங்களுக்கு வேணுங்கற மைக்ரோசாஃப்ட் துணை ஃபைலுங்க பிரச்சனதான். விசிரன்டைம்140 டிஎல்எல் காணோம், எம்எஸ்விசிபி140 காணோம்னு பொட்டி வந்தாலும் அதே கததான். இதுக்கு மைக்ரோசாஃப்ட் சைட்ல இருக்க ரீடிஸ்ட்ரிபியூட்டபிள எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) ரெண்டையும் போடணும், எங்கிட்ட 64 பிட் விண்டோஸ்தானேன்னு ஒன்ன மட்டும் போட்டா 32 பிட் கேம் மறுபடி நொண்டும். கூகுள்ல தேடி ஒத்த டிஎல்எல்ல மட்டும் எங்கேந்தோ எடுத்து போல்டர்ல போடறத தயவுசெஞ்சு பண்ணாதீங்க, அது ரோட்ல கெடந்த சாவிய எடுத்து வீட்டு பூட்டுல திணிக்கற வேல.

மூணாவது கோடு சி, அஞ்சு சைபர், 1டி. இது வந்தா டிரைவர் மாத்தி பிரயோஜனம் இல்ல, கேம் கேக்குற கட்டளையே உங்க ப்ராசஸருக்கு தெரியாது. ஏவிஎக்ஸ்னு ஒரு வசதி இன்டெல்ல 2011லயே வந்துடுச்சு, ஆனா 2017ல வந்து பட்ஜெட் பசங்க எல்லாரும் அசெம்பிள் பண்ண பென்டியம் ஜி4560ல அது கெடையாது. என் ஃப்ரெண்ட் ஒருத்தன் அத வச்சிகிட்டு மூணு வாரம் டிரைவர் மாத்தி மாத்தி போட்டான், கடைசில அதே போர்டுக்கு பழைய ஐ5 ஒன்னு வாங்கி மாட்டுனப்புறம்தான் கேம் வந்துது.

டி3டிஎக்ஸ்9_43 காணோம்னு வந்தா "என்கிட்ட டைரக்ட்எக்ஸ் 12 இருக்கே"ன்னு சண்ட போடாதீங்க. பழைய கேமுக்கு வேணுங்கற அந்த உதிரி ஃபைலுங்க விண்டோஸ் கூட வர்றதில்ல, ஜூன் 2010 டைரக்ட்எக்ஸ் ரன்டைம்னு மைக்ரோசாஃப்ட்டோடதே தனியா இருக்கு, அத போட்டா புதுச ஒன்னும் பண்ணாது, பக்கத்துல உக்காந்துக்கும்.

எரர் எதுவுமே இல்ல ஆனா நேத்து வரைக்கும் ஓடுச்சுன்னா ஃபைல் கெட்டிருக்கும். 2024 நவம்பர் கடைசில ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி பக்கம் கரைய கடந்த அன்னிக்கு ஒரு கேம் அப்டேட் ஏறிட்டிருக்கப்பவே எனக்கு கரண்ட் போச்சு, யூபிஎஸ்ஸும் கொஞ்ச நேரத்துல கத்தி ஓஞ்சிடுச்சு. கரண்ட் வந்து பாத்தா கேம் செத்து கெடக்கு. ஸ்டீம்ல கேம் மேல ரைட் கிளிக், ப்ராபர்டீஸ், இன்ஸ்டால்ட் ஃபைல்ஸ், வெரிஃபை குடுத்தேன், கெட்டத மட்டும் திரும்ப எறக்கிக்கிச்சு, 70 ஜிபி மொத்தமும் எறக்க வேண்டிய அவசியம் வரல.

லேப்டாப்காரங்க செட்டிங்ஸ்ல டிஸ்ப்ளே, கிராஃபிக்ஸ் போய் அந்த கேமுக்கு ஹை பெர்ஃபார்மன்ஸ் செலக்ட் பண்ணுங்க, இல்லன்னா தனி கிராஃபிக்ஸ் கார்டு சும்மா உக்காந்திருக்க இன்டெல் கிராஃபிக்ஸ் மேல மொத்த பாரமும் விழும்.

சண்டே மார்க்கெட்ல வாங்குன பழைய சிடி கேம் ஓடலன்னா அது உங்க தப்பு இல்ல. சேஃப்டிஸ்க் மாதிரி பழைய சிடி பூட்டுங்கள விண்டோஸ் 10 வந்த 2015லேந்தே மைக்ரோசாஃப்ட் ஓட விடறதில்ல, அதே கேம் ஆன்லைன்ல பூட்டு இல்லாம விக்குதான்னு பாருங்க. பென்டிரைவ்ல ஏத்திட்டு வந்த கிராக் கேம விண்டோஸோட ஆன்டிவைரஸ் டிஃபெண்டர் முழுங்கிடுச்சுன்னா அதுக்கு எங்கிட்ட வராதீங்க, அவ்ளோதான்.

விண்டோஸ் 11ல வேலரன்ட் கேம் ஓடணும்னா டிபிஎம் 2.0, செக்யூர் பூட்னு ரெண்டு பாதுகாப்பு வசதியும் ஆன்ல இருக்கணும். ஆனா பயாஸ்குள்ள (விண்டோஸ் எழறதுக்கு முன்னாடி வர்ற போர்டு செட்டிங்ஸ்) போய் படபடன்னு மாத்திடாதீங்க, மொதல்ல சிஸ்டம் இன்ஃபர்மேஷன்ல பயாஸ் மோட் என்னன்னு பாருங்க, லெகசின்னு இருந்தா டிஸ்க்க ஜிபிடிங்கற புது பார்டிஷன் முறைக்கு மாத்தாம இத தொட்டா அப்புறம் விண்டோஸே எழுந்திருக்காது. 13வது, 14வது ஜெனரேஷன் ஐ7, ஐ9 டெஸ்க்டாப் வச்சிருந்து, நல்ல கார்டு இருந்தும் அவுட் ஆஃப் வீடியோ மெமரின்னு வந்தா கார்ட குத்தம் சொல்லாதீங்க, வோல்டேஜ் கோளாறுன்னு இன்டெல்லே 2024ல ஒத்துகிட்டு பயாஸ் அப்டேட் குடுத்துச்சு, வாரன்ட்டியையும் 2 வருஷம் நீட்டிச்சு. ஏற்கெனவே அடி வாங்குன சிப்ப அப்டேட் குணப்படுத்தாது, வாரன்ட்டில மாத்திக்கறதுதான் வழி.

தேவனாம்பட்டினம் மாதிரி கடல ஒட்டி வீடு இருக்கவங்களுக்கு ஒன்னு. ஒவ்வொரு தடவயும் வேற வேற மாட்யூல், வேற வேற கேம் விழுந்தா ராம கழட்டிப் பாருங்க. உப்புக்காத்து அந்த தங்கக்கலர் காலுங்கள்ல படிஞ்சி மங்கிடும், பென்சில் ரப்பர்ல மெதுவா தேய்ச்சி மாட்டுங்க, அப்புறம் விண்டோஸ் மெமரி டயக்னோஸ்டிக் ஓட்டுங்க.

இப்ப சித்தி பையன் கதைக்கு வருவோம். ஞாயித்துக்கெழம போனேன், ஈவென்ட் வியூவர்ல ஒன்னுமே இல்ல, டிரைவர் புதுசு, வெரிஃபையும் சுத்தம். அது கொஞ்சம் பழைய கார் ரேஸ் கேம். கேம் போல்டர்ல லாக்னு ஒரு டெக்ஸ்ட் ஃபைல் இருந்துச்சு, தொறந்தா கடைசி வரில சி டிரைவ், யூசர்ஸ், அதுக்கப்புறம் வரிசையா கேள்விக்குறி, அந்த போல்டர தொறக்க முடியலன்னு இருக்கு. "என்னடா இது"ன்னு போய் பாத்தா யூசர்ஸ் போல்டர்ல பயலோட பேரு அழகா தமிழ்ல இருக்கு! விண்டோஸ் போடறப்ப சித்தி பக்கத்துல உக்காந்து தமிழ்லயே வைடான்னு சொல்லியிருக்காங்க. விண்டோஸுக்கு தமிழ் நல்லாவே படிக்க வரும், அந்த கேம எழுதுனவன்தான் இங்கிலீஷ் எழுத்த தாண்டி யோசிக்கல.

அக்கவுன்ட் பேர மட்டும் மாத்துனா போல்டர் பேரு மாறாது. அதனால செட்டிங்ஸ்ல அக்கவுன்ட்ஸ், அதர் யூசர்ஸ்ல மைக்ரோசாஃப்ட் அக்கவுன்ட் இல்லாம புதுசா ஒன்னு, இங்கிலீஷ் எழுத்துல சின்ன பேரா போட்டோம். அதுல லாகின் பண்ணி கிளிக் பண்ணா சத்தத்தோட கேம் வந்து நிக்குது. பழைய டாக்குமென்ட்ஸ்லேந்து அவனுக்கு வேணுங்கறத காப்பி பண்ணிகிட்டான். சித்தி மட்டும் காப்பி டம்ளரோட வந்து ஸ்கிரீன பாத்துட்டு, "ஏன்டா பேர மாத்திட்ட"ன்னாங்க. கன்ட்ரோல் பேனல்ல யூசர் அக்கவுன்ட்ஸ் போய் பேர மட்டும் திரும்ப தமிழ்ல மாத்தி விட்டேன், உள்ள போல்டர் இங்கிலீஷ்லயே இருக்கு, லாகின்ல அவங்க வச்ச பேருதான் வருது.