அலெக் கின்னஸைப் பார்த்து நடிப்பு பழகுவது எப்படி?

ராயபுரம், வியாசர்பாடி, காசிமேடு பக்கம் நாடகக் குழுக்களில் இருக்கும் தம்பி தங்கைகளுக்காக இதை எழுதுகிறேன். நடிப்புப் பள்ளிக்குக் கட்டப் பணமில்லை என்றால், ஒரே ஒரு நல்ல நடிகரை முழுசாகப் படியுங்கள். இங்கிலாந்து நடிகர் அலெக் கின்னஸிடமிருந்து தொடங்கலாம் என்பேன்.

முதலில் அவர் வந்த வழியைத் தெரிந்துகொள்ளுங்கள். 1914இல் லண்டனில் பிறந்தார். பிறப்புச் சான்றிதழில் அப்பா பெயர் இல்லை. விளம்பர வாசகம் எழுதிப் பிழைத்தவரை 1934இல் ஜான் கில்குட் என்ற பெரிய மேடை நடிகர், தான் இயக்கிய ஷேக்ஸ்பியரின் ‘ஹேம்லெட்’ நாடகத்தில் ஒரு சின்ன வேடத்துக்குச் சேர்த்துக்கொண்டார். 1938இல், 24 வயதில், லண்டன் ஓல்ட் விக் அரங்கில் ஹேம்லெட்டே இவர்தான். நம் வால்டாக்ஸ் சாலை ஒற்றைவாடை அரங்கில் ஆடிய நாடகக் கம்பெனிக்காரர்கள் மாதிரி மேடையில் வேர் பிடித்தவர். சினிமாவில் பெயர் வாங்கியது இரண்டாம் உலகப் போருக்கு அப்புறம்.

சரி, எதைப் பார்ப்பது? 1949இல் வந்த ‘கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொரோனெட்ஸ்’. சிவாஜி ‘நவராத்திரி’யில் ஒன்பது வேடம் போட்டதற்குப் பல வருஷம் முன்பே, இதில் கின்னஸ் ஒரே குடும்பத்து ஆட்கள் எட்டுப் பேராக வருகிறார், ஒரு பெண் உட்பட. முதல் தடவை சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள். எட்டுப் பேருக்கும் கழுத்து, தோள், பாதம் எப்படி மாறுகிறது என்று நோட்டில் குறியுங்கள். வசனம் காதில் விழுந்தால் கண் சோம்பேறியாகிவிடும்.

அடுத்து 1957இல் வந்து அவருக்குச் சிறந்த நடிகர் ஆஸ்கர் வாங்கித் தந்த ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்’. இதில் கர்னலாக வரும் அவரைத் தகரக் கூண்டில் அடைத்து வதைத்த பிறகு வெளியே விடும் இடத்தை மட்டும் திரும்பத் திரும்பப் போட்டுப் பாருங்கள். கால் பின்னுகிறது, ஆனாலும் முதுகு வளையக் கூடாது என்று நடக்கிறார். போலியோவிலிருந்து மீண்டுவந்த தன் மகன் மாத்யூ நடந்ததைப் பார்த்து எடுத்துக்கொண்ட நடை அது. என்னை இன்றும் உலுக்கும் காட்சி.

பார்த்துவிட்டு, விடியற்காலையில் காசிமேடு துறைமுகத்துக்குப் போங்கள். கூடை சுமப்பவர், வலை இழுத்து இழுத்து ஒரு தோள் இறங்கிப்போனவர், முழங்கால் வலியோடு மீன் விற்கும் அம்மா. ஒருவரைத் தேர்ந்தெடுத்து நடையை மட்டும் கவனியுங்கள், எடை எந்தக் காலில் விழுகிறது, ஏன் என்று. கேட்காமல் வீடியோ எடுக்காதீர்கள், அவர்கள் எதிரில் நடித்தும் காட்டாதீர்கள். பயிற்சியெல்லாம் வீட்டு மொட்டைமாடியில்.

கின்னஸ் சறுக்கிய இடத்தையும் பாருங்கள். 1984இல் ‘எ பேசேஜ் டு இந்தியா’வில் முகத்தில் பழுப்புச் சாயம் பூசி, பேராசிரியர் காட்போலே என்ற இந்தியராக வருகிறார். எனக்கு அது ஒட்டவே இல்லை. கன்னத்தில் தழும்பு, லுங்கி, நாலு ‘இன்னாபா’ போட்டால் வடசென்னை ஆள் என்று நினைத்து நம்மைக் காட்டுகிறார்களே, அதே கோளாறுதான். மனுஷனைப் பார்க்காமல் வேஷத்தை மட்டும் பார்த்தால் எவ்வளவு பெரிய நடிகரும் பொய்யாகிவிடுவார்.

கடைசியாக, 1979இல் பிபிசி தொலைக்காட்சியில் ஏழு பகுதிகளாக வந்த உளவுத் தொடர் ‘டிங்கர் டெய்லர் சோல்ஜர் ஸ்பை’. பெரும்பாலும் உட்கார்ந்து மற்றவர் பேசுவதைக் கேட்கிறார், அவ்வளவுதான். குழுவில் ஒருவர் இரண்டு நிமிஷம் பேசட்டும், நீங்கள் கையை அசைக்காமல் கேளுங்கள். உங்கள் மனசில் என்ன ஓடியது என்று பார்த்தவர்கள் சொல்ல வேண்டும். சொல்ல முடியாவிட்டால் மறுபடி உட்காருங்கள்.