‘ஹைட்பவுண்ட்’: இந்தத் தோல் யாருடையது?

சென்ற வாரம் ஒரு புதிய மொழிபெயர்ப்பாளரின் கையெழுத்துப்படி திருத்தத்துக்கு வந்தது. நல்ல கை. நாற்பது பக்கம் வரை என் சிவப்புப் பேனாவுக்குப் பெரிய வேலை இல்லை. 41ஆம் பக்கத்தில் இப்படி ஒரு வரி: ‘தோல் கட்டிய நிர்வாகம் புதிய யோசனைகளை ஏற்க மறுத்தது.’ பேனாவை மூடி வைத்துவிட்டுச் சற்று நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். எனக்கு அவர் மேல் கோபம் இல்லை. அந்தப் பள்ளம் எனக்கு நன்றாகத் தெரிந்த பள்ளம். இருபது ஆண்டுகளுக்கு முன் அதில் விழுந்து கூலியில் பாதியை இழந்தவன் நான்.

மூலத்தில் இருந்த சொல் ‘ஹைட்பவுண்ட்’ (hidebound). ஆங்கிலத்தில் இரண்டு சொற்கள் ஒட்டிப் பெயரடையாக நிற்கும் கூட்டுச்சொற்களில் ஒன்று. அன்றாடப் பேச்சில் அதிகம் காதில் விழாது. தலையங்கம், வரலாறு, வாழ்க்கைக் குறிப்பு என்று கொஞ்சம் விறைப்பான உரைநடையில்தான் தலைகாட்டும். எப்போதோ ஒரு முறை வருவதால்தான் ஆபத்தும். அடிக்கடி வரும் சொல் என்றால் இரண்டாம் முறையே பிடிபட்டுவிடும்.

‘ஹைட்’ என்றதும் ஒளிந்துகொள்வது என்று நினைத்து ‘ஒளியப் புறப்பட்ட அதிகாரி’ என்று எழுதுபவர்களைப் பற்றி இங்கே பேசப்போவதில்லை. அடுத்த வரியே அவர்களைக் காட்டிக்கொடுத்துவிடும். நடுவில் இடைக்கோடு உண்டா என்ற சந்தேகத்துக்கும் ஒரே வரி போதும்: பழைய நூல்களில் உண்டு, இன்றைய வழக்கில் ஒரே சொல்.

கொட்டிலுக்குப் போகாமல் அகராதிக்குப் போவது

இன்றைய அகராதிகளில் பெரும்பாலானவை ‘குறுகிய மனப்பான்மை கொண்ட, பழைய வழக்கத்தை விட்டு நகராத’ என்றுதான் தொடங்கும். பொருள் சரி. ஆனால் அதோடு நின்றுவிட்டால் சொல்லின் உடம்பு கண்ணில் படாது.

சொல் பிறந்த இடம் மாட்டுக் கொட்டில். 16ஆம் நூற்றாண்டிலேயே கால்நடைகளுக்கு வரும் ஒரு கோளாறின் பெயராக இது ஆங்கிலத்தில் இருந்தது. நல்ல உடல்நிலையில் உள்ள மாட்டின் விலாப்பக்கத் தோலை இரண்டு விரலால் பிடித்து இழுத்தால் ஒரு மடிப்பாக மேலே வரும். விட்டதும் வழுக்கிக்கொண்டு பழைய இடத்துக்குப் போய்விடும். தீனி போதாமல், குடற்புழு அரித்து, நாள்பட்ட நோயில் நொந்த மாட்டுக்கு அப்படி வராது. தோலுக்கு அடியில் இருந்த கொழுப்பு கரைந்து, தோல் விலா எலும்போடு ஒட்டிக்கிடக்கும். விரலுக்கு மடிப்பே அகப்படாது. அந்த நிலைக்குத்தான் ‘ஹைட்பவுண்ட்’ என்று பெயர். சொல்லுக்குச் சொல் பார்த்தால், தன் தோலாலேயே கட்டுண்ட மாடு.

தோட்டக்காரர்கள் இதே சொல்லை மரத்துக்கும் வைத்தார்கள். பட்டை இறுகி, உள்ளே தண்டு பருக்க இடம் கொடுக்காத மரம். பட்டையில் மேலிருந்து கீழாகக் கத்தியால் கீறிவிட்டால் மரம் மூச்சு விடும் என்பது பழைய தோட்டக்கலை வைத்தியம். மனிதத் தோல் தடித்து விறைத்துப்போகும் ஸ்கிளிரோடெர்மா நோய்க்கும் முன்பு இந்தப் பெயரைச் சொன்னதுண்டு.

மாட்டையும் மரத்தையும் தனித்தனியாக மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். மாட்டில் உள்ளே இருப்பது வற்றியது. மரத்தில் உள்ளே இருப்பது வளர முயல்கிறது, மேலே இருப்பது விடவில்லை. ‘ஹைட்பவுண்ட்’ நிறுவனம் என்று ஒருவர் எழுதினால் இந்த இரண்டில் எதை மனத்தில் வைத்து எழுதினார் என்று பக்கத்து வரிகளில் தேட வேண்டும். பெரும்பாலும் கிடைக்கும்.

தோலை அட்டையாக்குவது

இதுதான் என் கூலியைத் தின்ற பிழை. இன்று வரை எரிச்சலூட்டும் பிழையும் இதுதான்.

ஒரு பழைய கல்லூரியின் கதையைச் சொல்லும் நூல் என் கைக்கு வந்திருந்தது. ஓர் அத்தியாயத்தின் தொடக்கத்தில், அந்தக் கல்லூரியை அதன் ‘ஹைட்பவுண்ட்’ விதிகள் ஆண்டுகொண்டிருந்தன என்று ஆசிரியர் எழுதியிருந்தார். ‘ஹைட்’ என்றால் பதனிடும் விலங்குத் தோல் என்பது எனக்குத் தெரியும். ‘லெதர்பவுண்ட்’ என்றால் தோல் அட்டை கட்டிய புத்தகம் என்பதும் தெரியும். பழைய கல்லூரி, பழைய விதிகள், தடித்த நூல்கள். எல்லாம் கச்சிதமாகப் பொருந்தின. ‘தோல் அட்டையிட்ட சட்டத் தொகுதிகளே கல்லூரியை ஆண்டன’ என்று எழுதிவிட்டு, நானே ஒரு முறை வாய்விட்டுப் படித்து மகிழ்ந்தேன்.

பதிப்பாசிரியருக்கும் அந்த வரி பிடித்துவிட்டது. ஓவியரிடம் சொல்லி அத்தியாயத்தின் தலைப்பில் ஒரு கோட்டுச் சித்திரம் போடவைத்தார்: ஒன்றன் மேல் ஒன்றாக நான்கு தோல் அட்டைப் புத்தகங்கள், பித்தளைக் கொக்கியோடு, உச்சியில் ஒரு மூக்குக்கண்ணாடி. பாரம், அதாவது பல பக்கங்கள் சேர்ந்த அச்சுத் தாள், அச்சாகிவிட்டது. அதன் பிறகுதான், ஓய்வுபெற்ற ஆங்கிலப் பேராசிரியர் ஒருவர் மரியாதைக்காகப் படித்துப் பார்க்கிறேன் என்று அச்சடித்த தாள்களை வாங்கிப் போனார். திரும்பி வந்தபோது அந்த வரிக்குப் பக்கத்தில் பென்சிலால் சின்னதாக எழுதியிருந்தார்: ‘இந்தத் தோல் யாருடையது?’

எனக்கு முதலில் புரியவில்லை. மூலத்தை எடுத்து அடுத்த வாக்கியத்தைப் படித்த பிறகுதான் புரிந்தது. அந்த விதிகளுக்குள் கல்லூரியால் நூறு ஆண்டுகளாகப் பருக்க முடியவில்லை என்று அங்கே இருந்தது. ஆசிரியர் மரத்தை மனத்தில் வைத்து எழுதியிருக்கிறார். நான் முதல் வரியில் மரத்தை வெட்டிப் புத்தக அலமாரி செய்துவிட்டு, இரண்டாம் வரியை ‘நூறாண்டுகளாகக் கல்லூரி வளர்ச்சி காணவில்லை’ என்று அறிக்கைத் தமிழில் முடித்திருக்கிறேன். இரண்டு வரிக்கும் இருந்த மூட்டு கழன்றுபோனது. அதைப் பதிப்பாசிரியரும் கவனிக்கவில்லை, ஓவியரும் கவனிக்கவில்லை, நானும் கவனிக்கவில்லை. எப்படிக் கவனிப்போம்? வரி வழுவழுவென்று இருந்தது. அபத்தமாக எழுதியிருந்தால் யாராவது ஒருவர் முகம் சுளித்திருப்பார்.

பாரத்தைத் திரும்ப அடித்தார்கள். சித்திரம் குப்பைக்குப் போனது. செலவு என் கணக்கில்.

பேராசிரியர் கேட்ட கேள்வியை அதற்குப் பிறகு நான் விடவில்லை. தமிழில் தொகைச்சொல்லை விரிப்பதற்கு வேற்றுமை உருபு இருக்கிறது. பொற்குடம் என்றால் பொன்னால் ஆன குடம் என்று பள்ளியிலேயே விரித்தோம். ஆங்கிலக் கூட்டுச்சொல்லையும் அப்படி விரித்துப் பார்க்கலாம். ‘லெதர்பவுண்ட்’: தோலால் கட்டிய. ‘ஸ்னோபவுண்ட்’: பனியால் முடங்கிய. ‘ஹைட்பவுண்ட்’: தோலால் கட்டுண்ட. மூன்றுமே ‘ஆல்’. உருபு மட்டும் பார்த்தால் புத்தகமும் மாடும் ஒன்றாகிவிடுகின்றன. அதனால்தான் ‘யாருடைய’ என்ற இரண்டாவது கேள்வி வேண்டியிருக்கிறது. புத்தகத்தின் மேல் இருப்பது செத்த விலங்கின் தோல். அழகுக்கும் காப்புக்கும் வெளியிலிருந்து கொண்டுவந்து போர்த்தியது. மாட்டின் மேல் இருப்பது அதன் சொந்தத் தோல்; கழற்றிப் போட முடியாது. இந்தச் சொல்லின் சுருக்கென்ற குத்தல் அங்கேதான் இருக்கிறது. பிறர் போட்ட விலங்கு என்றால் இரக்கப்படலாம். ‘ஹைட்பவுண்ட்’ ஆளோ தம் தோலையே விலங்காக்கிக்கொண்டவர்.

சில அகராதிகள் ‘தோலால் விளிம்பு கட்டிய’ என்ற பொருளையும் ஓர் ஓரத்தில் தருகின்றன என்பது உண்மைதான். நான் அன்று அதைப் பார்த்திருந்தால் என் பிழைக்குச் சான்று கிடைத்துவிட்டது என்று இன்னும் தைரியமாக எழுதியிருப்பேன். விதி, அதிகாரி, மரபு, நிறுவனம் ஆகிய சொற்களின் முன்னால் ‘ஹைட்பவுண்ட்’ வந்தால் புத்தக அட்டையை மறந்துவிடுங்கள்.

எல்லா ‘பவுண்டும்’ ஒன்று என்று நினைப்பது

தமிழ் எழுத்தில் இது நாணயத்தையும் எடையையும் போலத் தெரிகிறது, அதை விடுங்கள். ஆங்கிலத்திலேயே ஒரே ஒலியில் வெவ்வேறு வேர்கள் இருக்கின்றன. ‘கட்டுண்ட’ என்ற பொருளில் வரும் ‘பவுண்ட்’, கட்டு (bind) என்ற வினையின் இறந்தகால வடிவம். ‘ஹோம்வர்ட் பவுண்ட்’ என்னும்போது வருவது வேறு: ஆயத்தமான என்ற பொருளில் பழைய நார்ஸ் மொழியிலிருந்து வந்து, வாலாக ஒரு ‘d’ எழுத்தைப் பின்னால் ஒட்டிக்கொண்ட சொல். அதை விரிக்க ‘கு’ உருபு வேண்டும்: வீட்டுக்குப் புறப்பட்ட. எல்லை என்ற பொருளில் ஒன்று, துள்ளல் என்ற பொருளில் ஒன்று என்று பிரெஞ்சு வழியாக வந்தவை தனி.

‘எர்த்பவுண்ட்’ இந்த வகையில் பொல்லாதது. விண்கலத்துக்குச் சொன்னால் பூமிக்கு வந்துகொண்டிருக்கிறது. பறக்க இயலாத பறவைக்குச் சொன்னால் மண்ணைவிட்டு எழ முடியவில்லை. ‘ஹைட்பவுண்டில்’ அந்தச் சிக்கல் இல்லை. அதில் யாரும் எங்கும் புறப்படுவதில்லை.

பெரியவர்களைப் பாராட்டப் பயன்படுத்துவது

வேண்டாம். இது வசை.

‘டு’ (to) போடுவது

ஆங்கிலத்தில் எழுதும்போது வரும் பிழை. ‘எங்கள் நெறிகளுக்குக் கட்டுப்பட்டவர்’ என்று நற்சான்று கொடுக்க நினைத்த ஒருவர், இந்தச் சொல்லோடு ‘டு’ சேர்த்து எழுதியதைப் பார்த்திருக்கிறேன். இதற்குப் பின்னால் வருவது ‘பை’ (by): மரபால், விதியால் இறுகியவர். அதைவிட, நற்சான்றில் இந்தச் சொல்லுக்கு என்ன வேலை? வேலைக்கு விண்ணப்பித்தவரின் நிலையை நினைத்தால்தான் பாவமாக இருக்கிறது.

கைக்கு வந்த பழமொழியை ஒட்டுவது

‘தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால்’ என்று சிலர் முடித்துவிடுகிறார்கள். அது வீம்பு. தவறு என்று தெரிந்தும் விடாதவனுக்குச் சொல்வது. ‘கிணற்றுத் தவளை’யும் பொருந்தாது, தவளைக்குக் கடல் இருப்பதே தெரியாது. ‘ஹைட்பவுண்ட்’ ஆளுக்குக் கடலும் தெரியும், வழியும் தெரியும். அசைந்தால் தோல் கிழியும் என்று நிற்கிறார். ‘பழமைவாதி’ என்று போடுவதும் எனக்கு உவப்பில்லை. பழமைவாதம் ஒரு நிலைப்பாடு. ஒருவர் யோசித்தே அதைத் தேர்ந்திருக்கலாம், அதற்காக வாதாடவும் செய்யலாம். இங்கே தேர்வு நடந்ததாகவே தெரியவில்லை.

‘இறுகிப்போன’, ‘விதிக்குள் விறைத்த’, ‘பழக்கத்தில் ஒட்டிக்கிடக்கிற’ என்று இடம் பார்த்து எழுதுகிறேன். ஒரே சொல்லை எல்லா இடத்துக்கும் நேர்ந்துவிடுவதில்லை.

பழைய ஏட்டைப் புதிய அகராதியோடு படிப்பது

சாமுவேல் ஜான்சன் 1755இல் வெளியிட்ட அகராதியில் குதிரையும் மரமும் முதலில் நிற்கின்றன. பிறகு ‘வணங்காத, கடுமையான’. அதற்கும் பிறகு ‘கஞ்சத்தனமான’. கடைசிப் பொருள் இன்று வழக்கொழிந்துவிட்டது. பழைய நாடகத்திலோ கடிதத்திலோ பணப்பையைத் திறக்காத ஒருவருக்கு இந்த அடைமொழி வந்தால் ‘குறுகிய மனம்’ என்று எழுதிவிடாதீர்கள். அவர் வெறும் கருமி.

இன்னொரு இடம் ஜான் மில்டன். நூல்கள் அச்சேறுமுன் அரசின் அனுமதி பெற வேண்டும் என்ற ஏற்பாட்டை எதிர்த்து 1644இல் அவர் வெளியிட்ட ‘ஏரியோபஜிட்டிகா’வில், அனுமதி தரும் அதிகாரியின் ‘ஹைட்பவுண்ட் ஹ்யூமர்’ என்று எழுதுகிறார்; அந்த அதிகாரி அதைத் தம் தீர்ப்பறிவு என்று அழைத்துக்கொள்கிறாராம். இங்கே இரண்டு பொறிகள் அடுத்தடுத்து வைத்திருக்கின்றன. முதல் பொறியைத் தாண்டியவர்கூட இரண்டாவதில் ‘நகைச்சுவை’ என்று எழுதி மாட்டிக்கொள்வார். அந்தக் காலத்து ‘ஹ்யூமர்’ என்பது மனத்தின் இயல்பு, போக்கு. இறுகிப்போன மனப்போக்குக்கு விவேகம் என்று பெயர் சூட்டிக்கொண்ட தணிக்கையாளர் என்பதே மில்டனின் ஏளனம்.

‘ஸ்ட்ரெயிட்லேஸ்ட்’டோடு சேர்ப்பது

அது கச்சையை இறுக்கிக் கட்டியவர்; ஒழுக்கத்தில் கறார். அவிழ்க்கவாவது நாடா இருக்கிறது.

கையெழுத்துப்படிக்கு வருகிறேன். 41ஆம் பக்கத்தில் ‘இறுகிப்போன நிர்வாகம்’ என்று திருத்தி, ஓரத்தில் பென்சிலால் அந்தப் பழைய கேள்வியையும் எழுதிவைத்தேன். மேலே படித்துக்கொண்டு போனால் 112ஆம் பக்கத்தில் அதே சொல் மறுபடியும் வருகிறது. இடையில் நண்பர் அகராதியைப் புரட்டிவிட்டார் போலும். அங்கே லாயத்தில் உண்மையாகவே ஒரு குதிரை நிற்கிறது. விலா எலும்பை எண்ணிவிடலாம், வைத்தியர் வந்து தோலைப் பிடித்து இழுத்துப் பார்க்கிறார். அதற்கு நம்மவர் எழுதியிருப்பது: ‘பழமையில் ஊறிய குதிரை.’