மாடிப்படி மைக்: கீழக்கரை வீட்டில் பெரிய டிரம்ஸ் ஓசை

பிரிட்டிஷ் ராக் குழுவான லெட் ஜெப்பலினின் ‘வென் தி லெவி பிரேக்ஸ்’ பாட்டில் ஜான் பான்ஹாமின் டிரம்ஸ் அப்படி அதிரக் காரணம் ஒரு வீடு. இங்கிலாந்தின் ஹெட்லி கிரேஞ்ச் வீட்டில் மாடிப்படி அடியிலுள்ள கூடத்தில் டிரம்ஸை வைத்து, மேலிருந்து இரண்டு மைக்கைத் தொங்கவிட்டார் ஒலிப்பதிவாளர் ஆண்டி ஜான்ஸ்.

கீழக்கரையின் உயரமான பழைய வீடுகள் இதற்குத் தோது. பாய், திரைச்சீலையை அகற்றுங்கள்; எதிரொலியைத் தின்றுவிடும். மைக்குகள் 12 அடிக்கு மேல் தொங்கட்டும். ஸ்னேரிலிருந்து (‘பட்’டென்று ஒலிக்கும் சிறு டிரம்) இரண்டுக்கும் ஒரே தூரமா என்று நூல் பிடித்துப் பாருங்கள். அரையடி பிசகினாலே இரண்டு ஒலியும் ஒன்றையொன்று வெட்டி, ஸ்னேர் சன்னமாகிவிடும்.

24 பிட் தரத்தில், ஒலியின் உச்சம் -12 டெசிபலைத் தாண்டாமல் பதியுங்கள். பிறகு கம்ப்ரெஸரில் (உரத்த ஒலியை அடக்கி, மெல்லிய ஒலியை எடுப்பாக்கும் கருவி) தாராளமாக அழுத்தலாம். அட்டாக், அதாவது அது அழுத்தத் தொடங்க எடுக்கும் நேரம், 20-30 மில்லிசெகண்ட். அதைவிட வேகமாக வைத்தால் அடியின் முனை மழுங்கும். கம்ப்ரெஸர் சிம்பலின் (டிரம்ஸின் உலோகத் தட்டு) இரைச்சலையும் தூக்கும். ஆகவே வாசிப்பவர் சிம்பலை மெல்லத் தட்டவேண்டும். பின்னால் எந்தச் சாஃப்ட்வேரும் இதைக் காப்பாற்றாது.

உள்ளே மெல்லிய உலோகப் பட்டை உள்ள ரிப்பன் மைக் என்றால் கடல் பக்க ஜன்னலைச் சாத்துங்கள். பலத்த காற்று வீச்சில் ரிப்பன் தொய்ந்துவிடும். இன்னொரு வகையான கண்டென்சர் மைக் ஈரத்தில் படபடவென்று பொரியும். சிலிக்கா ஜெல் போட்ட டப்பாவில் வையுங்கள். மின்விசிறி வேண்டாம். பாங்கு ஒலிக்கும் நேரத்தைத் தவிர்த்து டேக் எடுங்கள்.