வெல்டிங் பழக வரும் பையன்களுக்கு லிபர்ட்டி கப்பலைச் சொல்லிக்கொடுப்பது எப்படி?

சேலத்தில் கடல் இல்லை. என் பட்டறைக்கு வரும் பையன்களில் பலர் கப்பலையே பார்த்ததில்லை. இருந்தாலும், ராடைக் கையில் கொடுத்த முதல் வாரமே இந்தக் கதையைச் சொல்லிவிட வேண்டும். கை பழகிவிட்டால் காதில் ஏறாது.

“அந்தக் கப்பல்களைக் கட்டியவர்களும் உன்னைப்போலப் புதியவர்கள்தான், தம்பி” என்று ஆரம்பியுங்கள். இரண்டாம் உலகப் போரில் ஜெர்மானிய நீர்மூழ்கிகள் மூழ்கடித்த சரக்குக் கப்பல்களுக்கு ஈடாக, 1941 முதல் 1945 வரை அமெரிக்கா 2,710 லிபர்ட்டி கப்பல்களைக் கட்டியது. கலிபோர்னியாவின் ரிச்மண்டில் ஹென்றி கெய்சரின் கப்பல் தளங்களுக்கு வயல்காட்டிலிருந்தும் அடுப்படியிலிருந்தும் ஆட்கள் வந்தார்கள். பெண்கள் ஆயிரக்கணக்கில் வேலை பார்த்தார்கள். முழுத் தொழிலையும் கற்றுக்கொடுக்க ஏது நேரம்? ஆளுக்கு ஒரு சின்ன வேலை. பாகங்களைத் தரையிலேயே திருப்பிப் போட்டு, குனிந்தபடி பற்றவைக்க வசதி. தலைக்கு மேல் பற்றவைத்து, சட்டைக்குள் பொறி விழுந்தவனுக்குத்தான் அதன் அருமை தெரியும்! 1942 நவம்பரில் ‘ராபர்ட் இ. பியரி’ ஐந்து நாள்கூட ஆகாமல் நீரில் இறங்கியது.

பையன்கள் வாயைப் பிளப்பார்கள். அங்கே நிறுத்தாதீர்கள். 1943 ஜனவரியில் போர்ட்லாண்டில் ‘ஸ்கெனெக்டடி’ என்ற புத்தம்புது எண்ணெய்க் கப்பல், துறையில் நின்றபடியே இரண்டாகப் பிளந்தது. லிபர்ட்டி கப்பல்கள் பலவற்றிலும் விரிசல்.

காரணத்தைக் காகிதத்தில் காட்டுங்கள். இரண்டு பட்டைகள், ஒன்றின் நடுவே சதுர ஜன்னல், மற்றதில் வட்டம். இரு முனையையும் பிடித்து இழுக்கச் சொல்லுங்கள். சதுரம் மூலையில்தான் கிழியும். லிபர்ட்டியின் மேல்தளத் திறப்புகளுக்கும் மூலை சதுரம். ரிவெட் (தகடுகளைச் சேர்த்துப் பிடிக்கும் ஆணி) அடித்த கப்பலில் விரிசல் அந்தத் தகட்டின் ஓரத்தோடு பெரும்பாலும் நின்றுவிடும். பற்றவைத்த கப்பலில் தகடெல்லாம் ஒன்றாகிவிடுவதால் விரிசல் ஒரே ஓட்டம்.

அடுத்து இரண்டு மெழுகுவர்த்திகள்: ஒன்று ஃப்ரீசரில், ஒன்று நம்மூர் வெயிலில். முதலாவது படக்கென்று உடையும், மற்றது வளையும். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் உலோக ஆய்வாளர் கான்ஸ்டன்ஸ் டிப்பர் கண்டது இதுதான்: அந்த எஃகு குளிரில் நொறுங்கும் தன்மையுடையது. அதுவரை பழி பெரும்பாலும் வெல்டர்கள் தலையில். சில இடங்களில் வெல்டிங்கும் மோசம்தான், மறைக்க வேண்டாம்.

இதற்குப் பிறகு லாரி வேலையைக் கொடுங்கள். வெட்டும் மூலையை வளைவாக வெட்டட்டும். விரிசல் விட்ட பிளேட் வந்தால், விரிசல் முடியும் இடத்தில் முதலில் டிரில்லால் ஓட்டை. அதன் பிறகுதான் கிரைண்டர், ராடு எல்லாம்.