முட்டைக்கோஸ் பழ சாலட்: தண்ணீர் விடாமல் செய்ய

கால் கிலோ முட்டைக்கோஸின் நடுத்தண்டை நீக்கிவிட்டு, இலைகளை நூல் மாதிரி மெல்லியதாக நறுக்குங்கள். அரை டீஸ்பூன் உப்பு போட்டுப் பிசறி, 20 நிமிடம் வடிதட்டில் வைத்து, கைப்பிடி கைப்பிடியாகப் பிழியுங்கள். சோம்பல்பட்டு இதை விட்டால், பரிமாறுவதற்குள் கிண்ணத்தின் அடியில் குளம் கட்டிவிடும். பாதிப் பேருக்குச் சொதப்புவது இங்கேதான்.

ஒரு ஆப்பிளைத் தோலோடு தீக்குச்சி கனத்தில் நறுக்கி, உடனே ஒரு டீஸ்பூன் எலுமிச்சைச் சாற்றில் புரட்டினால் கறுக்காது. துருவிய கேரட் ஒன்று, மாதுளை முத்து அரை கப்.

மயோனைஸ் வேண்டியதில்லை. ஒரு கப் புளிக்காத தயிரைத் துணியில் கட்டி ஒரு மணி நேரம் தொங்கவிட்டு, ஒரு டீஸ்பூன் தேன், கால் டீஸ்பூன் மிளகுத்தூள் சேர்த்து அடியுங்கள்.

அன்னாசி போட ஆசையா? பச்சையாகப் போட்டால் அதிலுள்ள புரோமெலைன் என்ற நொதி தயிரின் புரதத்தைச் சிதைத்துக் கசப்பாக்கும். 5 நிமிடம் கொதிக்கவிட்டு, ஆறியபின் சேருங்கள்.

தயிரைக் கலப்பது பரிமாறும் நேரத்தில் மட்டும். உப்பு ஏற்கெனவே கோஸில் இருக்கிறது. ருசி பார்க்காமல் மறுபடி போடாதீர்கள்.